டாக்டர் ஆவ் அவர்களின் ஒரே ஒலிம்பிக் ஆட்டம்

மாலை ஐந்து மணியானால் நம் காலனி மைதானத்தில் பந்து உதைபடும் ஓசையும், "படிக்க வாடா!" என்று தாய்மார் அழைக்கும் ஓசையும் சேர்ந்தே எழுகின்றன. இவ்வழக்கில் தீர்ப்புக் கூற நாம் துணியோம். ஆயினும், அதே இழுபறியில் வாழ்ந்த ஒருவரின் வரலாற்றை அன்பர்கள் முன் வைக்க விரும்புகிறோம். அவரே சுதந்திர இந்தியாவின் முதல் ஒலிம்பிக் கால்பந்துக் குழுவின் தலைவரான தாலிமெரன் ஆவ்.

நாகா மலையில் சாங்கி என்னும் சிற்றூரில் 1918-ஆம் ஆண்டு ஜனவரி 28-ஆம் தேதி பிறந்தார். தந்தையார் கிறிஸ்தவப் போதகர். 1935-இல் அவர் விஷக்காய்ச்சல் கண்டு மரித்தார். மகன் டாக்டராகித் தம் மக்களுக்குத் தொண்டு புரிய வேண்டும் என்பதே அவருடைய கடைசி விருப்பம். கௌகாத்தி காட்டன் கல்லூரியில் பயின்ற ஆவ், பின்னர் கல்கத்தாவில் கார்மைக்கேல் வைத்தியக் கல்லூரியில் சேர்ந்தார். இன்றைய ஆர். ஜி. கர் கல்லூரி அதுவே. 1943-இல் மோகன் பகான் அணி அவரை ஏற்றது. பகலில் பிணவறுப்புப் பாடம், மாலையில் மைதானம்! நம்மில் எத்தனை பெற்றோர் இதற்கு இசைவோம்?

1948 ஜூலை 29 அன்று லண்டன் வெம்பிளி அரங்கில் இந்தியக் கொடியை ஏந்தி முன் நடந்தவர் ஆவ். இரண்டு நாள் கழித்து இல்பர்ட் மைதானத்தில் பிரான்ஸை எதிர்த்து ஆட்டம். நம்மவருள் பெரும்பாலோர் வெறுங்காலுடன் ஆடினர். எதிரிகள் பூட்ஸ் அணிந்திருந்தனர். முதலில் பிரான்ஸ் ஒரு கோல் போட்டது. பிற்பாதியில் மைசூர் சமஸ்தானத்து ஆட்டக்காரர் சாரங்கபாணி ராமன் அதனைச் சமன் செய்தார். ஆனால் கிடைத்த இரண்டு பெனால்டிகளும் வீணாயின. தவறவிட்டோர் பெயரை இங்கே எழுத நமக்கு மனம் வரவில்லை. ஆட்டம் முடியும் தறுவாயில் பிரான்ஸ் இரண்டாம் கோலையும் போட்டது. தோற்ற அணி வெளியேற வேண்டியதுதான் முறை. ஆகவே ஒலிம்பிக்கில் ஆவ் ஆடியது அந்த ஒன்றரை மணி நேரமே.

அதே ஒலிம்பிக்கில் ஹாக்கியில் நாம் தங்கம் வென்றதை யாவரும் அறிவர். ஒன்றுக்கு இரண்டு என்று தோற்ற கதையை யார் நினைவில் வைப்பார்?

1950-இல் ஆவ் எம்.பி.பி.எஸ். பட்டம் பெற்றார். கல்கத்தாவில் பேரும் புகழும் இருந்தும் மலைநாட்டிற்கே திரும்பினார். நாகாலாந்து 1963-இல் தனி மாநிலமாயிற்று. அதன் சுகாதாரத் துறை இயக்குநராக உயர்ந்து 1978-இல் ஓய்வு பெற்றார். பந்து அவரிடமிருந்த காலம் சொற்பம். நோயாளிகள் அவரிடமிருந்த காலமே நெடிது. 1998 செப்டம்பர் 13-ஆம் தேதி, எண்பதாம் வயதில் காலமானார். நூற்றாண்டை ஒட்டி 2018-இல் தபால் இலாகா அவர் நினைவாக முத்திரை வெளியிட்டது.

சென்ற வாரம் நம் மைதானத்துப் பிள்ளைகளிடம் ஆவ் பெயரைச் சொல்லிப் பார்த்தோம், ஒருவனும் அறியான். ராமன் பெயரையும் சொன்னோம். "எந்தப் பிளாக் மாமா அவர்?" என்றான் ஒரு சிறுவன்.