ஒரே இரவில் மூன்று முறை கொலை: இம்மர்சிவ் தியேட்டர் நடிகரின் வேலை எப்படிப்பட்டது?

மேடை இல்லை, இருக்கை இல்லை, வசனமும் ரொம்பக் குறைவு. ஒரு கட்டடம் முழுக்க நாடகம் நடக்கும். யார் பின்னால் போவது என்று பார்வையாளரே முடிவு செய்ய வேண்டும். இதைத்தான் இம்மர்சிவ் தியேட்டர் என்கிறார்கள். அந்தக் கட்டடத்துக்கென்றே உருவாக்கினால் சைட்-ஸ்பெசிஃபிக். பேச்சைவிட உடலால் கதை சொன்னால் பிசிக்கல் தியேட்டர். பெரும்பாலும் மூன்றும் சேர்ந்தேதான் வரும்.

இதில் அதிகம் பேசப்பட்டது, ஃபெலிக்ஸ் பாரெட் 2000-ல் தொடங்கிய பிரிட்டன் குழுவான பஞ்ச்டிரங்கின் 'ஸ்லீப் நோ மோர்'. ஷேக்ஸ்பியரின் மேக்பெத் கதையை ஹிட்ச்காக் படச் சாயலில் சொல்லும் நாடகம். 2003-ல் லண்டனில் அரங்கேறியது. 2011-ல் நியூயார்க்கின் செல்சீ பகுதியில் பழைய கிடங்குகளை 'மெக்கிட்ரிக் ஹோட்டல்' என்று மாற்றி நடத்தினார்கள். (அப்படியொரு ஹோட்டல் நிஜத்தில் கிடையாது. ஹிட்ச்காக்கின் 'வெர்டிகோ' படத்தில் வரும் பெயர் அது.)

இங்கே நடிகரின் ஷிஃப்ட் எப்படி இருக்கும்? சுமார் ஒரு மணி நேரக் கதை, ஒரே இரவில் மூன்று சுற்று. மேக்பெத்தாக ஆடுபவர் டங்கனை மூன்று முறை கொல்ல வேண்டும். நடுவில் மாடிப்படிகளில் ஓட்டம், மேசை மேல் சண்டை, சுவர் மேல் ஏற்றம். அதனால்தான் நடன அமைப்பாளர் மாக்சீன் டாய்லின் குழுவில் நவீன நடனக் கலைஞர்கள் அதிகம்.

உடல் களைப்பைவிடப் பெரிய சவால் கூட்டம். வெள்ளை முகமூடி போட்டவர்கள் அரையிருட்டில் ஓரடி தள்ளி நிற்பார்கள். இங்கே முகமூடி பார்வையாளருக்குத்தான், நடிகருக்கு இல்லை. சில சமயம் நடிகர் ஒருவரை மட்டும் கைபிடித்து அறைக்குள் அழைத்துப்போய், கதவைச் சாத்தி, முகமூடியைக் கழற்றி நடிப்பார். 'ஒன்-ஆன்-ஒன்' எனப்படும் இதற்காகவே திரும்பத் திரும்ப டிக்கெட் வாங்கியவர்கள் உண்டு.

ஆபத்தும் அந்த நெருக்கத்தில்தான். பார்வையாளர்கள் தங்களிடம் பாலியல் ரீதியாக அத்துமீறியதாக, நியூயார்க் தயாரிப்பில் வேலை செய்த சிலர் சொன்னதை 2018-ல் பஸ்ஃபீட் நியூஸ் வெளியிட்டது. முகம் தெரியாது என்ற தைரியம் பார்வையாளருக்கு எதையெல்லாம் அனுமதித்துவிடுகிறது என்ற கேள்வி அதற்குப் பிறகு பெரிதாக எழுந்தது.

அடுத்த சிக்கல், வேலை எவ்வளவு நாள் நிலைக்கும் என்பது. இந்த அளவு நாடகத்துக்குப் பல மாடிக் கட்டடமும் பெரும் முதலீடும் வேண்டும். எனவே உலகம் முழுக்கப் பார்த்தாலும் வாய்ப்புகள் சில கட்டடங்களுக்குள் அடங்கிவிடும். ஷாங்காயில் 2016 இறுதியில் 'ஸ்லீப் நோ மோர்' தொடங்கியது. நியூயார்க்கில் கிட்டத்தட்ட 14 ஆண்டுகள் ஓடி, 2025 ஜனவரியில் முடிந்தது. ஒரு கதவு மூடினால் ஒரு குழு மொத்தமும் வேறு வேலை தேட வேண்டியதுதான்.

லண்டன் வூலிச்சில் பஞ்ச்டிரங்க் நடத்திய 'தி பர்ன்ட் சிட்டி' 2023-ல் நிறைவடைந்தது. அடுத்த ஆண்டு அங்கேயே வந்தது 'வயோலாஸ் ரூம்'. பார்வையாளர்கள் ஹெட்ஃபோன் மாட்டிக்கொண்டு வெறுங்காலில் நடப்பார்கள். கதை சொல்வது ஹெலனா பான்ஹம் கார்ட்டரின் பதிவு செய்யப்பட்ட குரல். நேரில் நடிக்க ஒருவர்கூட இல்லை.