கரையாத பிள்ளையார்

எங்கள் அடையாறு வீட்டுப் பரணில் ஒரு பழைய பலா மணை இருக்கிறது. வருஷத்தில் ஒரு நாள்தான் அதற்கு வேலை. பிள்ளையார் சதுர்த்தியன்று காலையில் இறக்கித் துடைத்து, கோலம் போட்டு, கடைக்கு எடுத்துப் போவேன். என் அப்பா எடுத்துப் போன மணை அது.

அப்போது நாங்கள் மயிலாப்பூரில் மாட வீதிக்குப் பக்கத்தில் குடியிருந்தோம். சதுர்த்திக்கு முதல் நாளே வீதி ஓரமெல்லாம் ஈரக் களிமண் குவியல் வந்துவிடும். விற்கிறவர் ஒரு உருண்டை மண்ணை எடுத்து அச்சில் அறைந்து அழுத்துவார். மணையை நீட்டினால் அதன்மேல் கவிழ்த்து ஒரு தட்டுத் தட்டுவார். பிள்ளையார் உட்கார்ந்துவிடுவார். கண்ணுக்கு இரண்டு குன்றிமணி. பக்கத்துக் கடையில் எருக்கம்பூ மாலை, கலர்க் காகிதக் குடை. வீட்டுக்கு வந்ததும் அப்பா தொப்புளில் ஒரு பத்து பைசாவைப் பதிப்பார்.

மூன்றாம் நாள் புனர்பூஜை. கற்பூரம் காட்டிவிட்டு, அப்பா மணையோடு பிள்ளையாரைக் கொஞ்சம் வடக்காக நகர்த்துவார். ஒரு அங்குலம் இருக்கும், அவ்வளவுதான். அதற்கு யதாஸ்தானம் என்று பெயர். ஆவாஹனம் செய்து அழைத்தவரை, வந்த இடத்துக்கே திரும்பப் போகச் சொல்வது. அதற்கப்புறம் மணையில் இருப்பது சாமி இல்லை, வெறும் மண். பிறகு கொல்லைக் கிணற்றில் மெதுவாக இறக்குவார். நாங்கள் எட்டிப் பார்ப்போம். முதலில் தும்பிக்கை போகும், பிறகு காது. சாயங்காலம் தண்ணீர் கலங்கி இருக்கும். மறுநாள் தெளிந்துவிடும்.

இதெல்லாம் எல்லோர் வீட்டிலும் நடந்ததுதான், இதில் என்ன சரித்திரம் என்று கேட்பீர்கள். ஓய்வு பெற்ற பிறகு ஆகமம் பற்றிய சில புத்தகங்களைப் புரட்டியபோதுதான் இது எவ்வளவு பழைய ஏற்பாடு என்று தெரிந்தது. நிலையாக நாட்டும் கல் லிங்கம் ஒரு வகை. அதற்கு நேர் எதிராகக் கணிக லிங்கம் என்று இன்னொரு வகை. கணம் என்றால் நொடி. மணல், அரிசி, சோறு, ஆற்று மண், பசுஞ்சாணம், வெண்ணெய், பூமாலை, வெல்லம், மாவு என்று கைக்குக் கிடைத்ததில் செய்து, பூஜை முடிந்ததும் விட்டுவிட வேண்டியது. வைத்துக்கொள்ளக் கூடாது. உருவத்தைக் கலைப்பதும் வழிபாட்டில் ஒரு பகுதி.

காஞ்சிபுரத்தில் ஏகாம்பரநாதரே மணல் லிங்கம்தான். வெள்ளம் வந்தபோது கரைந்துவிடுமோ என்று அம்பாள் கட்டித் தழுவினாள் என்பது புராணம். இன்றும் மூலவருக்கு நீரால் அபிஷேகம் இல்லை. அவ்வளவு தூரம் போவானேன்? எந்த விசேஷத்துக்கும் முதலில் பிடித்து வைக்கிறோமே மஞ்சள் பிள்ளையார், அவருக்கு ஆயுள் ஒரு மணி நேரம். முடிந்ததும் அவரையே கரைத்துப் பெண்கள் முகத்தில் பூசிக்கொள்வார்கள். மார்கழியில் வாசலில் சாணிப் பிள்ளையார், தலையில் பூசணிப்பூ. பிடித்து வைத்தால் பிள்ளையார் என்பது சும்மா வந்த பேச்சில்லை.

நாலு எட்டு வைத்தால் கபாலீசுவரர் கோயில். அங்கே அஷ்டபந்தனம் சாத்தி, பன்னிரண்டு வருஷத்துக்கு ஒரு தரம் கும்பாபிஷேகம் செய்து, கல்லை அசையாமல் காப்பாற்றுகிறார்கள். இங்கே கொல்லையில் சாமியைக் கரைக்கிறோம். இரண்டும் ஒரே ஊரில், ஒரே வீட்டார் செய்தது. யாருக்கும் இதில் முரண்பாடு தெரியவில்லை.

மயிலாப்பூரின் பெரிய கதையும் இப்படித்தான் இரண்டு பக்கமும் போகிறது. பாம்பு தீண்டி இறந்த பூம்பாவையின் சாம்பலையும் எலும்பையும் சிவநேசர் குடத்தில் வைத்திருந்தார். சம்பந்தர் பதிகம் பாட, சாம்பல் பெண்ணாக எழுந்தது. பங்குனியில் அறுபத்துமூவர் அன்று காலையில் குளக்கரையில் இதை நடத்திக் காட்டுவார்கள். அதே சம்பந்தர் பின்னால் நல்லூர்ப் பெருமணத்தில், தன் கல்யாணத்துக்கு வந்த கூட்டத்தோடு ஜோதியில் கலந்து உருவமில்லாமல் போனார். சாம்பலுக்கு உருவம் கொடுத்தவர் தன் உருவத்தை வைத்துக்கொள்ளவில்லை.

சரி, பிள்ளையாருக்கு வருகிறேன். வீட்டுக்குள் இருந்தவரை வீதிக்குக் கொண்டுவந்தது புனே. பேஷ்வாக்கள் காலத்திலேயே அங்கே கணபதி விழா பெரிது. 1893-இல் அதைப் பொது விழாவாக்கியதில் திலகருக்குப் பெரும் பங்கு உண்டு. நம் ஊருக்கு அந்தப் பழக்கம் வர ஏறக்குறைய 90 வருஷம் ஆயிற்று. 1983-இல் திருவல்லிக்கேணியில் இந்து முன்னணி ஒரு சிலை வைத்தது, சின்னச் சிலைதான். தொண்ணூறுகளில் தெருவுக்குத் தெரு வந்துவிட்டது. அதில் இருக்கும் அரசியலைப் பற்றி எழுத எனக்கு விருப்பமில்லை, எழுத நிறையப் பேர் இருக்கிறார்கள். எனக்கு அதிலுள்ள மண்ணைப் பற்றித்தான் கவலை.

பத்தடி உயரத்துக்குப் பச்சைக் களிமண் நிற்காது. விரிசல் விடும், லாரியில் ஏற்றினால் கை உடையும். அதனால் பிளாஸ்டர் ஆஃப் பாரிஸ் வந்தது. இது ஜிப்சம் கல்லைச் சூடாக்கி, அதிலிருக்கும் நீரின் முக்கால் பங்கை வெளியேற்றிய பொடி. தண்ணீர் விட்டால் இழந்த நீரைத் திரும்ப வாங்கிக்கொண்டு கல்லாகிவிடும். களிமண் தண்ணீரில் விட்டுக்கொடுக்கும். இதுவோ தண்ணீரால்தான் இறுகும். இறுகிய பிறகு ஒரு லிட்டர் தண்ணீரில் சுமார் 2 கிராம்தான் கரையும். மேலே எனாமல் பெயின்ட் அடித்துவிட்டால் அதுவும் இல்லை.

இது எனக்குப் புத்தகத்தில் படித்துத் தெரிந்ததல்ல. 1993-இல், ஆபீஸ் விட்டு வரும் வழியில் தி.நகரில் ஒரு கடையில் பிள்ளையார் வாங்கினேன். ஒரு சாண் உயரம், ரோஜா நிறம், தங்க ரேக்கு போட்ட கிரீடம். கடைக்காரர் மண்தான் சார் என்றார், நானும் தட்டிப் பார்க்கவில்லை. உண்மையைச் சொன்னால், அப்பா மணையைத் தூக்கிக்கொண்டு போவது எனக்குக் கொஞ்சம் வெட்கமாக இருந்த வயது அது. அப்பா பார்த்தார், ஒன்றும் சொல்லவில்லை. காசு பதிக்கத் தொப்புளில் அழுத்தினார், இறங்கவில்லை. காசைக் காலடியில் வைத்துவிட்டார்.

மூன்றாம் நாள் வழக்கம்போல வடக்கே நகர்த்திக் கிணற்றில் விட்டார். மறுநாள் காலை தண்ணீர் தெளிவாக இருந்தது, அடியில் ரோஜா நிறமாகத் தெரிந்தது. பத்து நாள் கழித்தும் தெரிந்தது. "இவர் போகமாட்டார் போலிருக்கேடா" என்றார் அப்பா. அடுத்த வருஷம் அவரே மணையோடு போய்வந்தார். அதற்கடுத்த வருஷம் அவர் இல்லை.

1996 கோடையில் கிணறு வறண்டது. தூர் வார வந்தவர் உள்ளேயிருந்து, "அம்மா, பிள்ளையார் இருக்காரு, என்ன பண்றது?" என்று குரல் கொடுத்தார். வாளியில் ஏற்றினோம். பெயின்ட் அங்கங்கே போயிருந்தது. மூக்கும் முழியும் அப்படியே இருந்தன. உடைத்துப் போட்டுவிடலாம் என்றார் அவர். அம்மா கையெடுத்துக் கும்பிட்டு, "ஐயோ, சுத்தியாலா?" என்றாள். தெருமுனை அரசமரத்தடியில் கொண்டுபோய் வைத்தேன். ஏற்கெனவே அங்கே இரண்டு பேர் இருந்தார்கள், அதே ஜாதி.

பட்டினப்பாக்கம் சீனிவாசபுரத்தில் ஊர்வலத்துக்கு மறுநாள் காலை நடக்கப் போயிருக்கிறேன். கிரேனில் தூக்கிப் போட்ட சிலைகளை அலை திருப்பிக் கொண்டுவந்து கரையில் போட்டிருக்கும். தும்பிக்கை தனியாக, கை தனியாக. தலை இருந்தால் கண்ணும் இருக்கும், அதுதான் பார்க்க முடியாது. மத்திய மாசுக் கட்டுப்பாட்டு வாரியம் 2010-இல் வழிகாட்டு நெறிகள் கொண்டுவந்தது. 2020-இல் திருத்தியபோது பிளாஸ்டர் கூடவே கூடாது என்றது. 2023 செப்டம்பரில் இது நீதிமன்றம் போயிற்று. உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் தனி நீதிபதி விற்க அனுமதித்தார். மறுநாள் ஞாயிற்றுக்கிழமை, அன்றே இரு நீதிபதி அமர்வு கூடி அதை நிறுத்திவைத்தது. உச்ச நீதிமன்றம் தலையிட மறுத்துவிட்டது. சிலை செய்கிறவர்களின் பிழைப்பும் இதில் இருக்கிறது, அதைச் சுலபமாகத் தள்ளிவிட முடியாது. ஆனால் வழக்கில் பேசியதெல்லாம் நீரைப் பற்றி, மீனைப் பற்றி. கரையாதவருக்கு யதாஸ்தானம் செய்து என்ன பயன் என்று யாரும் கேட்டதாகத் தெரியவில்லை.

2020-இல் கொரோனாவால் ஊர்வலம் இல்லை. எங்கள் அடுக்குமாடியில் கிணறும் இல்லை. பழைய வாளி ஒன்றில் தண்ணீர் பிடித்து, பால்கனியில் வைத்து, பிள்ளையாரை இறக்கினோம். பேத்திக்கு அப்போது ஆறு வயது. "தாத்தா, காது போயிடுச்சு" என்று அரை மணிக்கு ஒரு தரம் வந்து சொன்னாள். மறுநாள் சேற்றுக்குள் கையை விட்டுத் துழாவி, ஐந்து ரூபாய்க் காசையும் ஒரு குன்றிமணியையும் எடுத்தாள். இன்னொரு குன்றிமணி கிடைக்கவில்லை. மண்ணைச் செம்பருத்தித் தொட்டியில் கொட்டினோம்.