ஒளிரும் இறகு: ஒரு வம்சாவளி

இல்லாத பறவைக்கும் சரித்திரம் உண்டு. ஜெர்மானியக் காட்டில் இரவில் இறகு ஒளிர்ந்ததாக ஐரோப்பியப் புத்தகங்கள் சுமார் 1500 வருஷங்கள் சொல்லிவந்த ஹெர்சீனியப் பறவைகளின் சரித்திரம் அப்படிப்பட்டது. அதைத் தேடிப் படித்தபோது, பறவையைவிட அதைப் பற்றி எழுதியவர்கள்தான் என்னை அதிகம் யோசிக்க வைத்தார்கள். நமக்குள் ஓயாமல் நடந்துவரும் ஒரு சண்டையின் பழைய வடிவத்தை அவர்களிடம் பார்க்கிறேன்.

ரைன் நதிக்குக் கிழக்கே பரந்து கிடந்த ஹெர்சீனியக் காட்டை ரோமானிய வாசகனுக்கு விஸ்தாரமாக அறிமுகப்படுத்தியவர் ஜூலியஸ் சீசர். கி.மு. 53ஆம் வருஷத்துப் போர்களைச் சொல்லும் பகுதியில் காட்டை அளக்கிறார். அகலம் 9 நாள் நடை; நீளவாக்கில் 60 நாள் போனவனும் மறுமுனையைக் கண்டதில்லை. நெற்றியில் ஒற்றைக் கொம்புள்ள மாடு, காலில் மூட்டே இல்லாமல் மரத்தில் சாய்ந்து தூங்கும் கடம்பை மான் என்று அதிசயங்களை அடுக்குகிறார். அந்தப் பட்டியலில் பறவை இல்லை.

பறவை, சீசருக்கு நூறு வருஷங்களுக்கு மேல் கழித்து, பிளினியிடம் வருகிறது. கி.பி. 77 வாக்கில் முடிந்த அவருடைய இயற்கை வரலாறு 37 புத்தகங்கள் கொண்டது. அதன் பத்தாம் புத்தகத்தில் ஹெர்சீனியப் பறவைக்குக் கிடைத்த இடம் ஒரே வாக்கியத்தில் பாதி. இரவில் நெருப்பைப் போல் ஒளிரும் இறகுள்ள அபூர்வப் பறவைகள் அங்கே இருப்பதாகக் கேள்வி என்கிறார். மற்றவற்றைப் பொறுத்தவரை, தூரத்தினால் வந்த பெருமையைத் தவிரக் குறிப்பிட ஒன்றுமில்லை என்று வாக்கியத்தை முடித்துவிடுகிறார். பிளினி வாலிபத்தில் ஜெர்மானிய எல்லையில் குதிரைப்படை அதிகாரியாக இருந்தவர். அந்த மண்ணை மிதித்தவர், நானே பார்த்தேன் என்று எழுதியிருந்தால் மறுக்க ரோமில் யார் இருந்தார்கள்? அவர் எழுதவில்லை. கேட்டதைக் கேட்டதாக வைத்துவிட்டு நகர்ந்துவிடுகிறார்.

மூன்றாம் நூற்றாண்டில் சோலினஸ் வருகிறார். பிளினியிடமிருந்து ஏராளமாக எடுத்துத் தொகுத்தவர். இந்த இடத்தில் மட்டும் சொந்தச் சரக்கு போல ஒன்றைச் சேர்க்கிறார். அந்த ஊர்க்காரர்கள் இரவுப் பயணத்தில் ஒளிரும் இறகுகளை முன்னால் எறிந்து, அவை காட்டும் வழியில் நடக்கிறார்களாம். ஏழாம் நூற்றாண்டில் செவில் நகரத்து பிஷப் இசிடோர் தம் கலைக்களஞ்சியத்தில் இதையே ஏற்றுக்கொள்கிறார். பிறகு மத்திய கால விலங்கு நூல்களில், படத்தோடு, இது எல்லோரும் அறிந்த செய்தியாகிவிடுகிறது.

என்ன நடந்திருக்கிறது? பிளினியின் பறவை வெறுமனே ஒளிர்ந்தது. யாருக்காகவும் இல்லை. சோலினஸுக்கு அது போதவில்லை. ஒளி இருந்தால் அது வழிகாட்ட வேண்டும். வழிகாட்டாத ஒளியால் என்ன பிரயோஜனம்? ஆனால் இறகு பாதையில் விழ வேண்டுமென்றால் முதலில் அதைப் பறவையிலிருந்து பிடுங்க வேண்டும். இந்த விஷயத்தை மட்டும் யாரும் எழுதவில்லை. கவிதை சமூகத்துக்கு என்ன வழி காட்டுகிறது என்று கேட்கும் நம் நண்பர்களை எனக்குச் சோலினஸ் ஞாபகப்படுத்துகிறார். அவர்கள் கையிலும் இறகு இருக்கிறது. பறவை எங்கே?

நம் நாட்டிலும் ஒரு வெளிச்சப் பறவை உண்டு. தூக்கணாங்குருவி மின்மினியைப் பிடித்து வந்து கூட்டிலுள்ள களிமண்ணில் ஒட்டி விளக்கேற்றிக்கொள்கிறது என்பார்கள். கூட்டில் களிமண் இருப்பது நிஜம். விளக்கு நம் கற்பனை. ஆனாலும் இந்தக் கற்பனையில் வெளிச்சம் பறவையின் வீட்டுக்குத்தான். வழிப்போக்கன் அதைக் கேட்பதில்லை.

ஐரோப்பாவில் சந்தேகம் மெதுவாகத்தான் வந்தது. 1555இல் ஜூரிச் நகரத்து கான்ராட் கெஸ்னர் இரவில் ஒளிர்பவற்றைப் பற்றியே தனியாக ஒரு சிறு நூல் வெளியிட்டார். சில குளிர்காலங்களில் மட்டும் கூட்டமாக வந்து போகும், சிறகு நுனியில் அரக்குத் துளி போன்ற சிவப்புள்ள ஒரு வடதேசப் பறவைதான் ஹெர்சீனியப் பறவை என்று சிலர் அக்காலத்தில் கருதினார்கள். பொலோனாவைச் சேர்ந்த அல்ட்ரோவாண்டி (1522–1605) அந்தப் பறவையை வளர்த்து, இரவில் கவனித்துப் பார்த்தார். ஒளி இல்லை. எழுதினார். இத்தனை நூற்றாண்டுகளில் விளக்கை அணைத்துவிட்டுப் பறவையின் முன் உட்கார்ந்தவர் என்று எனக்குத் தெரிந்து அவர்தான்.

கதை அதோடு செத்துவிடவில்லை. 1907–08இல் இங்கிலாந்தின் நார்ஃபோக் வயல்களில் ஒளிரும் ஆந்தைகள் பறந்ததாகப் பலர் சாட்சி சொன்னார்கள். டைம்ஸ் பத்திரிகை வரை கடிதங்கள் போயின. பொந்திலுள்ள மக்கிய மரத்தின் ஒளிரும் பூஞ்சை இறகில் ஒட்டியிருக்கலாம் என்று ஊகித்தார்கள். நிரூபணம் கிடைக்கவில்லை. இன்றுவரை அறியப்பட்ட பறவைகளில் தானாக ஒளியை உண்டாக்குவது ஒன்றும் இல்லை. 2025இல் வெளிவந்த ஓர் ஆய்வு, 45 வகைச் சொர்க்கப் பறவைகளில் 37க்கு உடம்பின் சில பகுதிகள் நீல ஒளியை வாங்கிப் பச்சையாகத் திருப்பித் தருவதாகச் சொல்கிறது. முழு இருட்டில் அவையும் இருட்டுதான். வெளிச்சம் அவற்றின் மேல் விழ வேண்டும்.

இந்தச் சரித்திரத்தில் எனக்கு மரியாதை இரண்டு பேரிடம். கேள்வி என்று சொல்லி நிறுத்திக்கொண்ட பிளினி. இருட்டில் உட்கார்ந்து பார்த்த அல்ட்ரோவாண்டி. ஒருவர் பறவையைக் கற்பனையிலேயே விட்டுவைத்தார். மற்றவர் கூண்டில் இருந்த பறவையைப் பறவையாகப் பார்த்தார். இரண்டுமே எழுதுகிறவன் செய்யக்கூடிய யோக்கியமான காரியங்கள். ஆனால் அதிகம் படிக்கப்பட்டதும், நகலெடுக்கப்பட்டதும், பாடமாக வைக்கப்பட்டதும் சோலினஸின் இறகுதான். அந்த வெளிச்சத்தில் ஒருவரும் ஊர் போய்ச் சேர்ந்ததாகத் தகவல் இல்லை.