கொள்ளிடக் கரையும் மாறுதல் மனுவும்

மாயூரம் வேதநாயகம் பிள்ளை 19ஆம் நூற்றாண்டில் தரங்கம்பாடி, சீர்காழி, மாயூரம் என்று ஊர் மாறி முன்சீப் வேலை பார்த்தார். அரசுச் சம்பள உத்தியோகம் அன்றே அப்படித்தான் இருந்தது. ஒரே ஊரில் வேர்விட்ட அதிகாரி சொந்தபந்தங்களைக் கச்சேரிக்குள் நிரப்பிவிடுவார் என்று சென்னை மாகாண அரசு அஞ்சியது; அதைக் குண்டூரில் நேரிலேயே கண்டது. ஆனால் சீர்காழிப் பக்கத்துக் கிராமக் கணக்குப்பிள்ளைக்கு மாறுதல் என்பதே இல்லை. அது பரம்பரை வேலை. 1980 நவம்பரில் எம்.ஜி.ஆர். அரசு அந்தப் பரம்பரைப் பதவிகளை ஒழித்தது. 1981 ஜூன் 1 முதல் ஊராட்சி ஒன்றிய ஆசிரியர்களை அரசு ஊழியர்களாக்கியது. இரண்டும் அவசியமான சீர்திருத்தங்கள். ஆனால் மாறுதலுக்கு உட்பட்ட உத்தியோகம் கிராமம்வரை பரவியபோது, நோயுற்ற ஊழியர் எங்கே வேலை பார்ப்பது என்ற கேள்வியும் கூடவே பரவியது. அதற்கு விடை சொல்ல விதிகள் தயாராக இல்லை.

1922இல் நடைமுறைக்கு வந்த அடிப்படை விதிகளில் 15ஆம் விதி மாற்றும் அதிகாரத்தை அரசுக்குத் தந்தது. ஊழியரின் எழுத்துமூல வேண்டுகோள் அதில் ஒரே ஒரு காரியத்துக்காக வருகிறது: திறமைக்குறைவு, ஒழுங்கீனம் ஆகியவற்றைப் போல, குறைந்த சம்பளப் பதவிக்கு மாற்ற அதுவும் ஒரு காரணமாகலாம். கேட்டு வாங்கும் மாறுதலுக்கு விலை உண்டு என்ற எண்ணம் அங்கேயே படிந்துவிட்டது. ஷில்லாங்கில் பணிபுரிந்த மத்திய அரசு அலுவலர் ஒருவர், முதுகெலும்பு முறிந்திருந்ததையும் மனைவியின் வேலையையும் சொல்லித் தம் மாறுதலை எதிர்த்தார். மாறுதல் குறித்த வழிகாட்டு நெறிகளுக்குச் சட்ட வலிமை இல்லை என்று 1993இல் உச்ச நீதிமன்றம் அவருக்கு எதிராகத் தீர்ப்பளித்தது. நோய் இரக்கத்துக்குரியதாக இருந்தது, உரிமையாகவில்லை.

தமிழ்நாட்டு ஆசிரியர் பொது மாறுதல் கலந்தாய்வு இதில் ஒரு படி முன்னேறியது. சிறுநீரக மாற்றுச் சிகிச்சையோ டயாலிசிஸோ பெறுவோர், இதய அறுவைச் சிகிச்சை செய்துகொண்டோர், புற்றுநோயாளிகள், மூளைக்கட்டி உள்ளோர், பார்வையற்றோர் ஆகியோருக்கு முன்னுரிமைப் பட்டியலில் இடம் கிடைத்தது. சிபாரிசு தேடி அலைந்த இடத்தில் வரிசை வந்தது பெரிய மாற்றம். ஆனால் பட்டியல் நோயின் பெயரைப் பார்க்கிறது, மருத்துவமனை எவ்வளவு தூரம் என்று பார்ப்பதில்லை. சீர்காழியை எடுத்துக்கொள்வோம். அது 1991இல் தஞ்சாவூர் மாவட்டத்திலிருந்து நாகப்பட்டினம் மாவட்டத்துக்கும், 2020 டிசம்பரில் மயிலாடுதுறைக்கும் போனது. 2022 ஜனவரியில் நாகப்பட்டினத்துக்கு அரசு மருத்துவக் கல்லூரி வந்தபோது, சீர்காழி அந்த மாவட்டத்தில் இல்லை. கொள்ளிடத்தைத் தாண்டினால் இருபது கிலோமீட்டரில் அண்ணாமலை நகர் மருத்துவமனை. அது கடலூர் மாவட்டம். ஜிப்மரோ புதுச்சேரி. சீர்காழி ஆசிரியர் இந்த மருத்துவமனைகளுக்குப் பக்கமாக மாற விரும்பினால் ஒன்றியத்தை மட்டுமல்ல, மாவட்டத்தையே விட வேண்டும். தொடக்கப் பள்ளி ஆசிரியருக்கு நெடுங்காலம் ஒன்றியமே பணிமூப்பு அலகாக இருந்தது. அதைத் தாண்டி விருப்ப மாறுதலில் போனவர் புது இடத்தில் கடைசி ஆளானார்.

பொய்ச் சான்றிதழ் பெருகும் என்பார்கள். அந்த அச்சத்தில்தான் பட்டியலே சில நோய்கள், அறுவைச் சிகிச்சைகளின் பெயர்களாக இறுகியது போலும். அதனால் மனநோயும் தீராத மூட்டுவாதமும் வெளியே நின்றன. மாதத்துக்கு எத்தனை முறை, எந்த மருத்துவமனை என்பதை மருத்துவக் குழு விசாரித்தாலே பொய்யைப் பிரித்துவிடலாம். பழையாறு, திருமுல்லைவாசல் போன்ற கடலோரப் பள்ளிகள் காலியாகும் என்ற கவலை அதைவிடக் கனமானது. அங்கே பாதிக்கப்படுவது ஏழைக் குழந்தைகளின் படிப்பு. ஆனால் வாரம் இரண்டு மூன்று நாள் டயாலிசிஸுக்குப் போகும் ஆசிரியர் அந்த நாட்களில் பதிவேட்டில் மட்டுமே அந்த இடத்தை நிரப்புகிறார். அவரை விடுவித்தால் காலியிடம் வெளிப்படும். புதியவரை நியமிக்க வழி பிறக்கும்.

பணிமூப்பைப் பறிப்பதற்குத்தான் நியாயமே கிடையாது. ராஜஸ்தானில் சொந்த ஊர்ப்பக்கம் மாறுதல் கேட்டுப் பணிமூப்பை இழந்த மாற்றுத்திறனாளி ஆசிரியருக்கு 2022இல் உச்ச நீதிமன்றம் அதைத் திருப்பிக் கொடுத்தது. தமிழ்நாட்டில் 2023 டிசம்பரின் அரசாணை 243 தொடக்கக் கல்வியில் மாநில அளவிலான பணிமூப்பைக் கொண்டுவந்தது. பதவி உயர்வு தொலைதூரத்துக்கு இழுக்கும் என்று ஆசிரியர் சங்கங்கள் அதை எதிர்த்ததும் புரிந்துகொள்ளத்தக்கதே. ஆனால் ஒன்றியம் தாண்டும் நோயாளியை வரிசையின் கடைசிக்குத் தள்ளிய சுவர் அந்த ஆணையில் விரிசல் கண்டது. மாற்றுத்திறனாளி ஊழியரின் பணியிடம் குறித்துக் கொள்கை வகுக்கும் அதிகாரத்தை 2016ஆம் ஆண்டு மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டத்தின் 20ஆம் பிரிவு அரசுக்குத் தந்திருக்கிறது. சிகிச்சைத் தூரத்தை அளவுகோலாக்க அங்கிருந்தே தொடங்கலாம்.