அருஞ்சொற்களின் அகராதி

இங்கிலீஷ் அகராதி ஒன்றைப் புரட்டுகிற நமக்கு, நாய், வீடு, தண்ணீர் என்னும் சொற்களுக்கும் அதிலே பொருள் எழுதியிருப்பது விநோதமாகத் தோன்றுவதில்லை. ஆனால் அந்தப் பாஷையின் சொற்களுக்கு அந்தப் பாஷையிலேயே பொருள் கூறும் முதல் அகராதியைத் தொகுத்த ராபர்ட் காட்ரிக்கு, எல்லோரும் அறிந்த சொல்லுக்கு அர்த்தம் எழுதுவதென்பது வீண் சிரமமாகவே பட்டிருக்கும். ஒருகாலத்தில் பள்ளிக்கூட உபாத்தியாயராக இருந்து, பின்பு திருச்சபையின் ஆசாரங்களுக்கு இணங்காமையால் பாதிரிப் பதவியை இழந்த அவர், 1604-ஆம் வருஷம் பிரசுரித்த சிறு நூலில், ஹீப்ரு, கிரேக்கம், லத்தீன், பிரெஞ்சு முதலிய பாஷைகளிலிருந்து வந்து புகுந்த ஏறக்குறைய 2,500 அருஞ்சொற்களை, வேதாகமத்திலும் பிரசங்கங்களிலும் அவற்றைக் கேட்டு மயங்கும் ஸ்திரீகளை முக்கியமாக உத்தேசித்து விளக்கினார். எழுத்துக்களின் வரிசையை முதலில் மனப்பாடம் செய்துகொள்ள வேண்டுமென்றும், இன்ன எழுத்தில் தொடங்கும் சொல்லை முற்பகுதியிலும் இன்னதைப் பிற்பகுதியிலும் தேட வேண்டுமென்றும் அவர் முகவுரையிலே குழந்தைக்குச் சொல்வதுபோல் சொல்லியிருக்கிறார்.

1623-இல் ஹென்றி காக்கரம் ஒருபடி மேலே சென்றார். அரிய சொல்லுக்கு எளிய பொருள் கூறியதோடு நில்லாமல், எளிய சொல்லுக்கு ஈடாக ஆடம்பரச் சொல்லை எடுத்துக் கொடுக்கும் இரண்டாம் பகுதி ஒன்றையும் சேர்த்தார். மருந்துக்கடையிலேயே நோயையும் விற்றதுபோன்ற வியாபாரம்! 1656-இல் தாமஸ் பிளௌண்ட் என்னும் சட்ட நிபுணர் வெளியிட்ட அகராதியை, மகாகவி மில்டனின் சகோதரி புத்திரரான எட்வர்டு பிலிப்ஸ் இரண்டே வருஷத்தில் பெரும்பாலும் எடுத்தாண்டு தம் பெயரால் ஓர் அகராதி பிரசுரிக்க, மனம் நொந்த பிளௌண்ட் அதன் பிழைகளை அடுக்கி 1673-இல் ஒரு கண்டன நூலே எழுதினார். சாமானியச் சொற்களுக்கு இடங்கொடுத்தது 1702-இல் ஜே. கே. என்ற இரண்டெழுத்தை மட்டும் தாங்கி வந்த நூல்.

இத்தனைக்கும் பிறகு உச்சாரணம் எஞ்சி நின்றது. 'கலோனல்' என்று எழுதிக் 'கர்னல்' என்று படிக்கும் பாஷையிலே, 1755-இல் ஜான்ஸன் தம் பேரகராதியில் அழுத்தம் விழும் இடத்தை மட்டும் குறித்தார். உயிரெழுத்துக்களின்மேல் எண்களை இட்டு ஒலிபேதத்தைக் காட்டும் அகராதியை 1780-இல் தந்தவரோ அயர்லாந்தில் பிறந்த நடிகர் தாமஸ் ஷெரிடன். இங்கிலீஷ் உச்சாரணத்தை நிர்ணயிக்க ஓர் ஐரிஷ்காரருக்கு ஏது அதிகாரம் என்று ஜான்ஸன் ஏளனம் செய்ததுண்டு. 1791-இல் அத்துறையில் புகழ்பெற்ற ஜான் வாக்கரும் முன்னாள் நடிகரே. அவர் தம் நூலின் நீண்ட தலைப்பிலேயே, ஸ்காட்லாந்துக்காரரும் அயர்லாந்துக்காரரும் மட்டுமன்றி, லண்டன்வாசிகளும் தத்தம் உச்சரிப்புக் கோணல்களை நீக்கிக்கொள்வதற்கு விதிகள் கூறியிருப்பதாக அறிவித்துவிட்டார்.