பாய் மக்களின் ஊர்களில் ஒரு நாள் உலா

சரித்திரத்தை நாம் பெரும்பாலும் அரசர் வரிசையாகவே கற்றோம். எவன் எந்த ஆண்டில் முடிசூடினான், எவன் எவனை வென்றான் என்பவற்றை மனனஞ் செய்து, பரீட்சை மண்டபத்திலே இறக்கி வைத்துவிட்டு வந்தோம். ஓர் அரசு வீழ்ந்ததும் அத்தியாயம் முடிந்துவிடும். அடுத்த அத்தியாயம் வென்றவனைப் பற்றியது. வீழ்ந்த அரசின் குடிமக்கள் மறுநாட் காலையில் என்ன செய்தார்கள்? அவர்கள் பேசிய மொழி என்னாயிற்று? அவர்கள் கும்பிட்ட தெய்வம் என்னாயிற்று? இக்கேள்விகளைப் பாடப்புத்தகம் கேட்பதில்லை.

இவற்றுக்கு விடை சொல்லக்கூடிய ஒரு நிலப்பகுதி சீனதேசத்தின் தென்மேற்கு மூலையிலே உண்டு. அங்கே இம்மலரின் வாசகர்களை ஒரு நாள் உலாவுக்கு அழைக்கின்றேன். யான் அவ்விடத்துக்கு நேரிற் சென்றவனல்லன். பல்கலைக்கழக நூலகத்து மேசையிலிருந்து, தேசப்படத்தையும் நூல்களையும் துணைக்கொண்டே வழிகாட்டுகின்றேன். ஆதலின் வழிகாட்டிக்குக் கூலி வேண்டா. கூட வந்தாற் போதும்.

மலையும் ஏரியும்

யுன்னான் மாகாணத்திலே டாலி என்னுஞ் சமவெளி, கடல் மட்டத்துக்கு ஏறக்குறைய 2,000 மீற்றர் உயரத்தில் அமைந்தது. மேற்கே பத்தொன்பது சிகரங்களையுடைய சாங்ஷான் மலைத்தொடர். அதன் உச்சி 4,122 மீற்றர். கிழக்கே ஏர்ஹாய் ஏரி. அதன் பரப்பு ஏறக்குறைய 250 சதுர கிலோமீற்றர். காது வடிவான கடல் என்பது அப்பெயரின் பொருள். மலையிலிருந்து பதினெட்டு ஓடைகள் இறங்கி, வயல்களை நனைத்து, ஏரியிற் கலக்கின்றன. இவ்வயல்களுக்கிடையே வாழ்பவர்களே பாய் மக்கள். இது நாம் படுக்கும் பாயுமன்று, தோணியின் பாயுமன்று. சீன மொழியில் வெண்மையைக் குறிக்குஞ் சொல். இன்று அவர்கள் தொகை ஏறக்குறைய 20 இலட்சம். பெரும்பாலோர் யுன்னானிலேயே வாழ்கின்றனர்.

காலை: பகைவனுக்கு ஒரு கோயில்

ஏரியின் தென்முனையிலுள்ள ஷியாகுவான் நகரிலே நம் உலா தொடங்குகின்றது. கி. பி. 738 இல் பிலுவோகே என்பவன் இவ்வட்டாரத்துச் சிற்றரசுகளை ஒன்றாக்கி நான்ஜாவோ அரசை நிறுவினான். அந்நாளிற் சீனத்தை ஆண்ட தாங் மன்னர்கள் அவனுக்கு ஆதரவளித்தனர். ஆனால் அந்நட்பு நீடிக்கவில்லை. அவனுக்குப் பின் வந்த கெலுவோபெங் காலத்தில், எல்லையிலிருந்த தாங் அதிகாரிகளின் கொடுமையினாற் போர் மூண்டது. 751 இல் வந்த தாங் படை தோற்றது. 754 இல் லீ மி என்னுந் தளபதியோடு வந்த படை முற்றாக அழிந்தது, தளபதியும் மாண்டான். மாண்டவர்களைப் புதைத்த இடம் 'பதினாயிரவர் கல்லறை' என்னும் பெயரோடு இந்நகரில் இன்றும் உண்டு.

நகருக்கு மேற்கே மலைச்சரிவிலே ஒரு கோயில் இருக்கின்றது. ஊர்மக்கள் அங்கே சென்று பொங்கியும் படைத்தும் வழிபடுகின்றனர். உள்ளே இருப்பவர் யார்? வென்ற கெலுவோபெங் என்றுதான் நினைப்போம். அல்லர், தோற்று மாண்ட லீ மி! படையெடுத்து வந்த பகைவன், இறந்தபின் அவ்வூரின் காவற்றெய்வமாகிவிட்டான். பாய் ஊர்களிலே ஒவ்வோர் ஊருக்கும் இவ்வாறு ஒரு காவற்றெய்வம் உண்டு. 'பென்ஜு', அஃதாவது ஊருடையவர், என்று அத்தெய்வத்தைச் சொல்லுவர். அரசர், வீரர், உத்தமப் பெண்கள், பகைவர் என யாவரும் அவ்வரிசையில் இடம்பெறுகின்றனர்.

இது வெறும் அச்சத்தாற் பிறந்த வழக்கன்று என்பதற்கு ஒரு சான்றுண்டு. ஷியாகுவானிலிருந்து வடக்கே சிறிது தூரம் சென்றால் தைஹே என்னும் பழைய தலைநகரின் மண்மதில்களைக் காணலாம். அங்கே 766 இல் நாட்டப்பட்ட பெருங்கல் ஒன்று நிற்கின்றது. எழுத்துக்களிற் பெரும்பகுதி தேய்ந்துவிட்டன. தாங் அரசோடு தான் விரும்பிப் பகைக்கவில்லை, பகைக்கும்படி நெருக்கப்பட்டேன் என்று கெலுவோபெங் அதிலே காரணங் கூறுகின்றான். பகைவரின் பிணங்களை எடுத்து முறைப்படி அடக்கஞ் செய்ததையும் பொறித்துள்ளான். பிற்காலத்தில் தன் சந்ததியார் தாங் அரசோடு மீண்டுஞ் சேரக்கூடும், அப்போது வருந் தூதருக்கு இக்கல்லைக் காட்டுக என்று அவன் சொன்னதாகச் சீன வரலாறு கூறும். அவ்வாறே 794 இல் இரு நாடுகளும் மீண்டும் உடன்படிக்கை செய்தன. வெற்றிக் களிப்பிலே நாளைய சமாதானத்துக்கு இடம் விட்டு வைத்த அரசனை நாம் எத்தனை பேர் கற்றிருக்கின்றோம்?

நண்பகல்: ஆசாரியரும் மகாராசாவும்

இன்னும் வடக்கே செல்ல, டாலிப் பழைய நகரம் வருகின்றது. 779 இல் தலைநகர் இப்பகுதிக்கு மாற்றப்பட்டது. நகருக்கு அருகே மலையடியில் மூன்று தூபிகள் நிற்கின்றன. நடுத்தூபி ஒன்பதாம் நூற்றாண்டினது; பதினாறு நிலைகளோடு 69 மீற்றர் உயர்ந்தது. பக்கத்திலுள்ளவை இரண்டும் பத்து நிலைகளையும் 42 மீற்றர் உயரத்தையும் உடையன. 1925 இல் நிகழ்ந்த பூமியதிர்ச்சியையும் இவை தாங்கி நின்றன.

இவ்விடத்தில் நம் வாசகர்கள் சிறிது செவி சாய்க்க வேண்டும். நான்ஜாவோவின் பிற்கால அரசர்களுள் ஒருவன் 'மகாராசா' என்ற பட்டத்தைச் சூடினான். இங்குப் பரவிய தாந்திரிக பௌத்தத்தின் குருமாருக்கு 'அசாலி' என்று பெயர். அது 'ஆசாரிய' என்னும் வடசொல்லின் திரிபு. இங்கு வார்க்கப்பட்ட அவலோகிதேசுவரர் படிமங்கள், சீனச் சிற்பத்தைக் காட்டிலும் தென்கிழக்காசியச் சிற்பங்களையே ஒத்திருக்கின்றன. எல்லாவற்றுக்கும் மேலாக, மகாகாளன் வழிபாடு இங்கு வேரூன்றியது. சிவபெருமானுக்குரிய அத்திருநாமம் பௌத்தத்தோடு கலந்து மலை கடந்து வந்து, டாலிச் சமவெளியின் சில ஊர்களிலே காவற்றெய்வமாக இன்றும் நிற்கின்றது. அத்தெய்வத்தைப் பற்றி அவர்கள் சொல்லுங் கதை இது: மக்களிடையே கொள்ளைநோயைத் தூவி வரும்படி விண்ணுலக வேந்தன் ஒரு தேவனை ஏவினான். பூமிக்கு வந்த தேவனுக்கு மனம் இடங்கொடுக்கவில்லை. நோய் மருந்தைத் தானே விழுங்கிவிட்டான்; உடல் கறுத்துப் போயிற்று. நீலகண்டனை அறிந்த நமக்கு இக்கதை அந்நியமாகப் படுமா?

902 இல் நான்ஜாவோ வீழ்ந்தது. 937 இல் துவான் சிபிங் என்பவன் டாலி அரசை நிறுவினான். அவன் மரபினர் பலர் முடியைத் துறந்து துறவியாயினர். 1253 இல் குப்ளாய் கானின் மொங்கோலியப் படை வந்தது. கொல்லாதீர் என்ற கட்டளையைக் கொடிகளில் எழுதிப் பறக்கவிடச் செய்தவர் யாவோ ஷு என்னும் அறிஞர். நகரம் அழிவினின்றுந் தப்பியது. பிடிபட்ட அரசன் மன்னிக்கப்பட்டு, அதே 'மகாராசா' பட்டத்தோடு திரும்பி வந்தான். ஆயினும் அரசு போயிற்று. அக்காலத்து யுன்னானைப் பற்றி எழுதிய மார்க்கோ போலோ, அங்கே சோகிகள் நாணயமாக வழங்கின என்று குறித்துள்ளார். பதினேழாம் நூற்றாண்டு வரை நீடித்த இவ்வழக்குக்கு வேண்டிய சோகிகளிற் பல மாலைதீவுக் கடலிலிருந்து வங்காளம், பர்மா வழியே சென்றவை. நம் அயற்கடலிற் பிறந்த சோகி அம்மலைநாட்டுச் சந்தையிலே உப்பு வாங்கியது!

1382 இல் மிங் படை வந்தபோது, அரசாங்க ஏடுகளும் குடிமக்கள் வைத்திருந்த சுவடிகளும் எரிக்கப்பட்டன என்று யுன்னான் நூல்கள் கூறும். நூலகம் எரிந்த மண்ணிற் பிறந்த நமக்கு இதனை விரித்துரைக்க வேண்டுவதில்லை.

பிற்பகல்: ஷீஜோவின் வெண்சுவர்கள்

பழைய நகருக்கு வடக்கே ஏறக்குறைய 18 கிலோமீற்றரில் ஷீஜோ என்னும் ஊர். பாய் வணிகரின் தாயகம் இது. முற்றத்தின் மூன்று பக்கமும் வீடு, நான்காம் பக்கம் வெள்ளைச் சுவர் என்பது இவ்வூர் வீடுகளின் அமைப்பு. மேற்கிலிருந்து வீசும் மலைக்காற்றுக்கு முதுகைக் காட்டி வீடு கிழக்கு நோக்கி நிற்கும். பிற்பகல் வெயில் வெள்ளைச் சுவரிற் பட்டுத் திரும்பி வீட்டினுள்ளே வெளிச்சந் தரும். சந்தைச் சதுக்கத்திலே மேலுங் கீழுந் தணல் வைத்து ஒருவகை ரொட்டி சுடுவர். எங்கள் வீடுகளில் அப்பஞ் சுட்ட பழைய முறையை அது நினைவூட்டும். 1903 இல் இவ்வூரார் தொடங்கிய யோங்சாங்சியாங் வணிக நிலையம், கிண்ணம்போல அமுக்கிய தேயிலைக் கட்டிகளால் நாடெங்கும் பெயர் பெற்றது.

ஜப்பானியர் படையெடுப்பினால் ஹுவாசோங் பல்கலைக்கழகம் வூஹானை விட்டு வெளியேறி, 1939 இல் இவ்வூருக்கு வந்து, 1946 வரை இங்கே இயங்கியது. அது கிறித்தவ மிஷன்கள் சேர்ந்து நடத்திய கழகம். ஊரார் தம் கோயிற் கட்டடங்களைத் திறந்து கொடுத்தனர். புத்தர் கோயில் வளவிலே விஞ்ஞான வகுப்பு நடந்தது. காலையிற் பாடசாலைச் செபமும் மாலையிற் கோயிற்றேவாரமுங் கேட்டு வளர்ந்த எனக்கு, இந்த ஒரு செய்திக்காகவே ஷீஜோவின்மேற் பெரும் பற்று உண்டாயிற்று.

அக்கழகத்திற் கற்பித்த பிரான்சிஸ் ஸூ என்னும் மானிடவியலறிஞர், இவ்வூரை 'மேற்கு ஊர்' என மறைபெயரிட்டு, 1948 இல் ஆங்கிலத்தில் ஒரு நூல் வெளியிட்டார். சீனக் குடும்ப வாழ்க்கைக்கு எடுத்துக்காட்டாக உலகம் அந்நூலைப் படித்தது. ஊராரும் தாங்கள் சீனரே என்றனர். எங்கள் முன்னோர் மிங் காலத்தில் நான்ஜிங்கிலிருந்து வந்தவர்கள் என்று குடும்ப ஏடுகளிலும் எழுதி வைத்திருந்தனர். அரசாங்க உத்தியோகமும் பெருமையும் அப்பக்கமே இருந்தன. ஆனால் அந்த ஏட்டை மூடிவிட்டு வீட்டுக்குள்ளே அவர்கள் பேசியது பாய் மொழி! பிள்ளையைத் தாலாட்டியதும் காவற்றெய்வத்தை வேண்டியதும் அம்மொழியிலேதான்.

இங்கேதான் என் கேள்வி கூர்மையடைகின்றது. அரசை மொங்கோலியர் கொண்டனர். ஏடுகளை மிங் படை எரித்தது. ஆனால் 'நான் இவ்வினத்தவன் அல்லேன்' என்ற சொல் அம்மக்களின் வாயிலிருந்தே வந்தது. முதலிரண்டையும் பிறர் செய்தார்கள். மூன்றாவதைத் தாமே செய்துகொண்டார்கள். அவர்களைப் பழிக்க நமக்கு உரிமையில்லை. பெருமைக்காகப் பெயரையும் பேச்சையும் மாற்றிக்கொண்டவர்களை நம்மிடையேயும் அறிவோம். ஆனாலும் மொழி அவர்களை விடவில்லை. அதுவரை 'மின்ஜியா' எனப்பட்டவர்கள் 1956 இல் 'பாய்' என்ற பெயரோடு தனியினமாக ஏற்கப்பட்டனர். அதே ஆண்டு நவெம்பரில் டாலி, பாய் சுயாட்சிப் பிரிவாயிற்று.

ஷீஜோவுக்கு அருகே சிங்தோங் என்னுஞ் சிற்றூரிலே ஷெங்யுவான் கோயில் இருக்கின்றது. 1450 இல் யாங் பு என்னும் புலவர் மலையையும் ஏரியையும் போற்றிப் பாடிய பாட்டைத் தாங்கிய கல் இக்கோயிலோடு தொடர்புடையது. சீன எழுத்திலே பாய் மொழியை எழுதிய கல் அது. ஏடுகள் எரிந்து எழுபது ஆண்டு நிறையுமுன்னே, வென்றவரின் எழுத்தை வாங்கித் தம் மொழியைக் கல்லிற் பொறித்துவிட்டனர்!

இவ்வூர்த் தெய்வமாகிய துவான் சோங்பாங், நான்ஜாவோவின் தளபதி. பர்மாமீது 'சிங்க நாட்டார்' படையெடுத்தபோது இவன் சென்று காத்தான் என்பது கதை. சிங்க நாடு என்பது சீன நூல்களில் இலங்கைக்கு வழங்கும் பெயர். இக்கதை பிற்கால நூலிலே வருவது. அதனைக்கொண்டு நம் தீவின் படை பர்மா சென்றது என நிறுவலாகாது. எனினும், நம் நாட்டின் பெயர் அம்மலையடியிலே தெய்வக்கதையிற் கலந்து கிடப்பது வியப்பன்றோ?

மாலை: நீலத் துணிகள்

பொழுது சாய்கின்றது. சிறிது வடக்கேயுள்ள ஜோசெங் ஊரிலே பெண்கள் துணியைக் கட்டியுந் தைத்தும் முடிந்து, நீலச் சாயத்தில் தோய்க்கின்றனர். சாயமேறிய பின் முடிச்சை அவிழ்த்தால், நூல் இறுகக் கட்டிய இடமெல்லாம் வெள்ளைப் பூவாக மலர்ந்திருக்கும். சந்தைத் திடலிலே ஆலமர இனத்துப் பெருமரங்கள் இரண்டு நிழல் பரப்பி நிற்கின்றன. உலாவை இம்மர நிழலில் முடிப்போம்.

அத்துணியே எனக்கு விடை சொல்லுகின்றது. முழுத்துணியுஞ் சாயத்தில் மூழ்கியது. ஆனால் கட்டிய இடம் வெள்ளையாகவே நின்றது. பாய் மக்கள் சீன எழுத்தை ஏற்றனர், இந்திய நாட்டுத் தெய்வத்தை ஏற்றனர், மிஷன் கல்லூரிக்கு இடங் கொடுத்தனர், பகைவனுக்குக் கூடக் கோயில் எடுத்தனர். ஏற்றதனால் அவர்கள் அழியவில்லை. வீட்டு மொழியையும் ஊர்த்தெய்வத்தையும் இறுகக் கட்டி வைத்திருந்ததனாற் பிழைத்தனர். இன்று அவர்களுக்குச் சோதனை வேறு வடிவில் வந்திருக்கின்றது. 2018 இலிருந்து குன்மிங்கிலிருந்து அதிவேகப் புகையிரதம் ஓடுகின்றது. பழைய வீடுகள் பல விடுதிகளாகின்றன. பாடசாலை மொழி சீனம். முடிச்சு இனியும் இறுகி நிற்குமா என்பது அவர்கள் வீட்டுத் திண்ணையிலே தீர்மானமாக வேண்டியது.

நம் மன்றத்து இளைஞர்களுக்கு ஒரு விண்ணப்பம். உங்கள் ஊர் எல்லையில் நிற்கும் வைரவரை அங்கே நாட்டியவர் யார், எதற்காக நாட்டினார் என்று இவ்வாரமே வீட்டுப் பெரியவரிடங் கேளுங்கள். கேட்டதைக் கொப்பியில் எழுதி வையுங்கள். பெரியோர்களுக்கும் ஒரு விண்ணப்பம். அவர்கள் கேட்கும்வரை காத்திராதீர்கள். நீங்களே தொடங்கிச் சொல்லுங்கள்.