சாம்மி லீ

சாம்மி லீ (1920–2016) டைவிங் எனப்படும் நீரில் பாயும் போட்டியில் இருமுறை ஒலிம்பிக் தங்கம் வென்ற அமெரிக்க வீரர். காது நோய் மருத்துவராகவும் பயிற்சியாளராகவும் விளங்கினார்.

கொரியாவிலிருந்து குடியேறிய பெற்றோருக்கு, கலிபோர்னியாவின் பிரெஸ்னோ நகரில் 1920 ஆகஸ்ட் 1 அன்று பிறந்தார். அக்காலத்தில் பாசடீனா நகரின் பொது நீச்சல் குளத்தில் வெள்ளையர் அல்லாதோர் வாரத்தில் ஒரு நாள் மட்டுமே இறங்கலாம். அவர்கள் சென்றபின் குளத்து நீர் முழுவதும் வெளியேற்றப்பட்டு, புது நீர் நிரப்பப்படும். மற்ற நாட்களில் லீ, பயிற்சியாளர் தம் வீட்டுக் கொல்லையில் தோண்டிய மணல் குழியில் குதித்துப் பழகினார்.

போரினால் 1940, 1944 ஒலிம்பிக் போட்டிகள் நடைபெறவில்லை. இதற்கிடையே மருத்துவம் பயின்று 1947-இல் பட்டம் பெற்றார். 1948 இலண்டன் ஒலிம்பிக்கில் 10 மீட்டர் உயர மேடைப் பிரிவில் தங்கமும், 3 மீட்டர் ஸ்பிரிங்போர்டு பிரிவில் வெண்கலமும் வென்றார். 1952 எல்சிங்கி ஒலிம்பிக்கில், தமது 32-ஆவது பிறந்தநாளன்று, மேடைப் பிரிவில் மீண்டும் தங்கம் பெற்றார். அப்பிரிவில் அடுத்தடுத்து இருமுறை வென்ற முதல் ஆடவர் இவரே.

எனினும் பதக்கங்கள் நிறவெறியை அகற்றிவிடவில்லை. இராணுவ மருத்துவராகக் கொரியாவில் பணியாற்றித் திரும்பிய லீக்கு, 1955-இல் கார்டன் குரோவ் நகரில் ஆசியர் என்பதால் வீடு விற்க மறுத்தனர். இச்செய்தி நாளேடுகளில் வெளியாகிக் கண்டனம் எழுந்தது.

இவரிடம் பயின்ற பாப் வெப்ஸ்டர் 1960, 1964-இல் தங்கம் வென்றார். கிரெக் லூகானிஸ் 1976-இல் தமது 16-ஆவது வயதில் வெள்ளி வென்றார். லீ 2016 டிசம்பர் 2 அன்று தமது 96-ஆவது வயதில் காலமானார். லாஸ் ஏஞ்சலஸ் நகரிலுள்ள தொடக்கப்பள்ளி ஒன்று இவரது பெயரைத் தாங்கியுள்ளது.